கூகுள் தரும் காசு மூதூருக்கு வந்து சேருமா?

மாரி காலத்தில் திருகோணமலை மாவட்டத்தின் மூதூர், வெருகல் பக்கம் ஆறு பெருகி வீதியை மூடினால், இரவுச் செய்தியில் அந்தக் காட்சி ஒரு 40 விநாடி வரும். அதை அனுப்பியவர் மாவட்டச் செய்தியாளர் ஒருவராக இருப்பார். மோட்டார் சைக்கிள் அவருடையது, பெட்ரோல் அவருடையது, படம் பிடிக்கும் போனும் அதற்கான டேட்டாவும் அவருடையவை. எடுத்ததை வட்ஸ்அப்பில் கொழும்புக்கு அனுப்புவார். ஒளிபரப்பானால் ஒரு செய்திக்கு இவ்வளவு என்று காசு, ஒளிபரப்பாகாவிட்டால் அநேகமாக ஒன்றுமில்லை. மாதச் சம்பளம், சேமலாப நிதி, காப்புறுதி எல்லாம் இவர்களில் பெரும்பாலானவர்களுக்குக் கிடையாது. அதனால்தான் பலர் ஆசிரியராகவோ கடை வைத்திருப்பவராகவோ அரச ஊழியராகவோ இருந்துகொண்டே செய்தியும் சேகரிக்கிறார்கள்.

அந்த 40 விநாடி இரவுச் செய்தியோடு முடிவதில்லை. அலைவரிசை அதைத் தன் யூடியூப் பக்கத்தில் ஏற்றும், பேஸ்புக்கில் போடும். அங்கிருந்து எடுத்து, சின்னம் மறைத்து, மேலே ஒரு தலைப்பு ஒட்டி இன்னும் பல பக்கங்கள் போடும். லண்டனில் இருக்கும் மூதூர்க்காரரும் பார்ப்பார். வீடியோவுக்கு முன்னால் ஓடும் விளம்பரக் காசில், யூடியூப்பின் வழமையான கணக்குப்படி, 45 வீதம் கூகுளுக்கு, 55 வீதம் ஏற்றியவருக்கு. தண்ணீருக்குள் இறங்கி நின்று படம் எடுத்தவருக்கு அந்த முதல் கொடுப்பனவோடு கணக்கு முடிந்தது.

உலகம் முழுக்க இன்று பேசப்படும், இணையத் தளங்களிடம் செய்திக்குக் காசு கேட்கும் செய்திப் பேரச் சட்டங்களை நான் இந்த இடத்தில் நின்றுதான் பார்க்கிறேன். காரணம், அந்தச் சட்டங்கள் எல்லாம் இரண்டு கட்சிகளைப் பற்றியே பேசுகின்றன: ஒரு பக்கம் கூகுள், பேஸ்புக்கின் உரிமையாளரான மெட்டா போன்ற தளங்கள், மறுபக்கம் செய்தி நிறுவனங்கள். மூன்றாவது ஆளாக நிற்கும் மாவட்டச் செய்தியாளர் அவற்றில் எங்கே இருக்கிறார் என்று தேடினால் ஆள் அகப்படுவது கடினம்.

முதலில் சட்டம் என்ன சொல்கிறது என்று பார்ப்போம். பத்திரிகையும் தொலைக்காட்சியும் வாழ்ந்தது விளம்பரத்தால். அந்த விளம்பரத்தின் பெரும்பங்கு இரண்டு மூன்று இணைய நிறுவனங்களிடம் போய்விட்டது. அவர்களின் தளங்களில் மக்கள் பார்ப்பவற்றில் செய்தியும் உண்டு. ஆகவே செய்தியைத் தயாரிப்பவருக்கு அவர்கள் காசு தர வேண்டும், தர மறுத்தால் பேரம் பேச மேசைக்கு வரும்படி அரசு கட்டாயப்படுத்தலாம் என்பதே அடிப்படை எண்ணம்.

இதை முதலில் முழுவதுமாகச் செய்துபார்த்தது அவுஸ்திரேலியா. அந்த நாட்டின் போட்டி ஆணையம் 2019இல் பெரிய விசாரணை ஒன்றை முடித்தது, 2021 பெப்ரவரியில் சட்டம் வந்தது. அதன் கூர்மையான பகுதி நடுத்தீர்ப்பு முறை. இரு தரப்பும் உடன்படாவிட்டால் ஒவ்வொருவரும் ஒரே ஒரு தொகையை எழுதிக் கொடுக்க வேண்டும், நடுவர் இரண்டில் ஒன்றைத் தெரிவு செய்வார். நடுவில் ஒரு தொகையைப் பிடித்துச் சமாதானம் செய்துவைக்க அவருக்கு இடமில்லை. அளவுக்கு மிஞ்சிக் கேட்டவரும் அநியாயத்துக்குக் குறைத்துச் சொன்னவரும் தோற்றுப்போகும் அபாயம் இருப்பதால், இருவரும் முதலிலிருந்தே நியாயமான தொகைக்குப் பக்கத்தில் வருவார்கள் என்பது கணக்கு.

சட்டம் நிறைவேறும் தறுவாயில் பேஸ்புக் அவுஸ்திரேலியாவில் செய்தி முழுவதையும் தடுத்தது. சில நாட்களில் அரசு சில திருத்தங்களுக்கு இணங்க, தடை நீங்கியது. அப்புறம் ஒப்பந்தங்கள் வரிசையாக வந்தன. ஆண்டுக்கு 20 கோடி அவுஸ்திரேலிய டொலருக்கும் மேல் கைமாறியது என்பது போட்டி ஆணையத்தின் முன்னாள் தலைவர் ரொட் சிம்ஸ் சொன்ன கணக்கு. இதில் கவனிக்க வேண்டியது, எந்தத் தளமும் அந்தச் சட்டத்துக்குக் கட்டுப்பட்டது என்று உத்தியோகபூர்வமாகப் பெயர் குறிக்கப்படவே இல்லை. நடுத்தீர்ப்பு ஒரு தடவைகூட நடக்கவில்லை. சட்டம் இருக்கிறது என்ற பயமே காசைக் கொண்டு வந்தது.

பயம் தெளிந்ததும் காசும் நின்றது. 2024 மார்ச்சில் மெட்டா தன் ஒப்பந்தங்களைப் புதுப்பிக்கப் போவதில்லை என்று அறிவித்தது. அந்த ஆண்டு நடுப்பகுதியில் நைன் என்ற ஊடக நிறுவனம் ஏறத்தாழ 200 வேலைகளைக் குறைத்தபோது சொன்ன காரணங்களில் மெட்டாவின் காசு நின்றதும் ஒன்று. அதனால் 2024 டிசம்பரில் அரசு வேறு வழியை அறிவித்தது. நாட்டுக்குள் ஆண்டுக்கு 25 கோடி டொலருக்கு மேல் வருமானம் பெறும் தளங்களிடம் கட்டணம் அறவிடப்படும், செய்தி நிறுவனங்களோடு ஒப்பந்தம் செய்தால் அதில் கழித்துக்கொள்ளலாம். தளத்தில் செய்தியைத் தடுத்துவிட்டாலும் கட்டணத்திலிருந்து தப்ப முடியாது. இந்தக் கடைசி அம்சம் எங்களுக்கு முக்கியமானது.

அவுஸ்திரேலியாவில் கிடைத்த பணம் யாருக்குப் போனது என்பதைப் பார்த்தால், ஒரு நல்ல உதாரணமும் ஒரு கெட்ட உதாரணமும் உண்டு. அரச ஒலிபரப்பு நிறுவனமான ஏபிசி, தனக்குக் கிடைத்த காசில் தலைநகரங்களுக்கு வெளியே 50இற்கும் மேற்பட்ட செய்தியாளர்களை வேலைக்கு எடுத்தது. சிறுபான்மை மொழிகளில் செய்தி தரும் எஸ்பிஎஸ் நிறுவனத்தோடு பேஸ்புக் ஒப்பந்தமே செய்யவில்லை. தமிழிலும் ஒலிபரப்பும் நிறுவனம் அது. பேரம் என்று விட்டுவிட்டால் பலம் உள்ளவரோடு பேசுவார்கள், மற்றவரை வாசலில் நிறுத்துவார்கள் என்பதற்கு இதைவிடத் தெளிவான உதாரணம் வேண்டியதில்லை.

கனடாவின் கதை திருகோணமலை வீடுகளுக்குள்ளேயே வந்தது. அங்கே இணையச் செய்திச் சட்டம் 2023 ஜூனில் நிறைவேறியது. ஆகஸ்ட் முதல் மெட்டா தன் தளங்களில் செய்தியைத் தடுக்கத் தொடங்கியது. கனடாச் செய்தி நிறுவனங்களோடு தடை நிற்கவில்லை, வெளிநாட்டுச் செய்தி நிறுவனங்களின் பக்கங்களும் கனடாவில் இருப்பவர்களுக்கு மறைந்தன. ஸ்காபரோவில் இருக்கும் ஒரு சித்தப்பா, வருடக்கணக்காக பேஸ்புக்கில் இலங்கைத் தமிழ்ச் செய்திப் பக்கங்களைப் பார்த்து வந்தவர், திடீரென்று அங்கே ஒன்றும் இல்லாமல் போவதைக் கண்டார். அதன் பிறகு ஊரிலிருந்து ஸ்கிரீன்ஷொட் எடுத்து வட்ஸ்அப்பில் அனுப்புவதுதான் வழி. எழுதியவர் யார், எந்த நாளில் வந்தது என்ற விவரம் இல்லாத படத்துண்டுகள் அவை. சரிபார்த்த செய்தி இருந்த இடத்தில் இப்போது அவைதான். அதே ஆகஸ்டில் கனடாவின் வடக்கே யெலோநைஃப் நகரத்தின் ஏறத்தாழ 20,000 பேரும் காட்டுத்தீயால் வெளியேற வேண்டி வந்தபோதும் தடை நீக்கப்படவில்லை.

கூகுள் கனடாவில் வேறு வழியில் இணங்கியது. ஆண்டுக்கு 10 கோடி கனேடிய டொலர், அதை ஓர் அமைப்பு எல்லோருக்கும் பிரித்துக் கொடுக்கும். பிரிக்கும் விதி வெளிப்படையானது: அரச ஒலிபரப்பு நிறுவனத்துக்கு 7 வீதத்துக்கு மேல் இல்லை, மற்ற வானொலி, தொலைக்காட்சி நிறுவனங்களுக்கு 30 வீதத்துக்கு மேல் இல்லை, எஞ்சியது பத்திரிகைக்கும் இணையச் செய்தித் தளங்களுக்கும். இரகசிய ஒப்பந்தங்களைவிட இது எவ்வளவோ மேல். ஆனாலும் தொலைக்காட்சியை அது தூக்கி நிறுத்தவில்லை. 2024 பெப்ரவரியில் பெல் என்ற தொலைத்தொடர்பு நிறுவனம் 4,800 வேலைகளைக் குறைத்தபோது, அதன் சிடிவி தொலைக்காட்சி நிலையங்களின் மதியச் செய்தி ரொறன்ரோவைத் தவிர மற்ற ஊர்களில் நிறுத்தப்பட்டது. தலைநகரத்துக்கும் பெருநகரத்துக்கும் செய்தி மிஞ்சும், சிறிய ஊரின் செய்தி முதலில் போகும். இந்த வரிசை எல்லா நாட்டிலும் ஒன்றுதான்.

தொலைக்காட்சிக்கு இந்தச் சட்டங்கள் சரியாகப் பொருந்தாததற்கு வேறொரு காரணமும் உண்டு. இவை பத்திரிகையை மனதில் வைத்து எழுதப்பட்டவை. தேடலில் வரும் தலைப்பு, இரண்டு வரிச் சுருக்கம், இணைப்பு ஆகியவற்றைச் சுற்றியே வாதம் ஓடியது. அவுஸ்திரேலிய அரசு முதலில் குறிவைத்தது கூகுள் தேடலையும் பேஸ்புக்கின் செய்தியோடையையும்தான், யூடியூப் அந்தப் பட்டியலில் இல்லை. தொலைக்காட்சி அலைவரிசையோ தன் செய்தியைத் தானே யூடியூப்பில் ஏற்றுகிறது. நீங்களாக வந்து ஏற்றினீர்கள், விளம்பரத்தில் பங்கும் வாங்குகிறீர்கள், இதற்கு மேல் என்ன பேரம் என்று தளம் கேட்கும். அந்தக் கேள்விக்கு அலைவரிசைகளிடம் சட்டரீதியான பதில் பலமாக இல்லை. நடைமுறைப் பதில் ஒன்று இருக்கிறது: பார்வையாளர் அங்கேதான் இருக்கிறார், ஏற்றாவிட்டால் அந்தச் செய்தி பலருக்குத் தெரியாமலே போகும்.

இத்தனைக்கும் தொலைக்காட்சிக்குப் பேரச் சட்டம் புதிதே இல்லை. அமெரிக்காவில் 1992ஆம் ஆண்டின் கேபிள் சட்டம் உள்ளூர் நிலையங்களுக்கு ஓர் உரிமை கொடுத்தது. தங்கள் ஒளிபரப்பைக் கேபிள்காரர் எடுத்துக் கொடுப்பதற்கு முன் அனுமதி பெற வேண்டும், அனுமதிக்கு விலை கேட்கலாம். அங்கே உள்ளூர்த் தொலைக்காட்சிச் செய்தி இன்றுவரை மூச்சு விடுவதற்கு அந்தக் கட்டணமும் ஒரு காரணம். உரிமை நிறுவனத்துக்கு அல்லாமல் அந்தந்த ஊரின் நிலையத்துக்குக் கொடுக்கப்பட்டது என்பதே அதன் பலம்.

சரி, எங்கள் ஊரில் நிலையம் எங்கே இருக்கிறது? சக்தி, வசந்தம், நேத்ரா என்று நாங்கள் பார்க்கும் தமிழ் அலைவரிசைகளின் செய்தி அறைகள் கொழும்பில். டான் யாழ்ப்பாணத்தில். ஜெர்மனியின் டொய்ச்ச வெல்ல வானொலி 1980களிலிருந்து பல ஆண்டுகள் திருகோணமலைக்கு வடக்கே மறு ஒலிபரப்பு நிலையம் வைத்து ஆசியா முழுவதற்கும் ஒலிபரப்பியது. உலகத்துக்கு ஒலிபரப்ப உகந்த இடம் என்று வெளிநாட்டவர் தெரிவு செய்த மாவட்டத்தில், அந்த மாவட்டத்துக்கே செய்தி சொல்லும் தொலைக்காட்சிச் செய்தி அறை ஒன்று வளரவில்லை. 2012 குடிசன மதிப்பீட்டின்படி ஏறத்தாழ 3 இலட்சத்து 80 ஆயிரம் பேர் வாழும் மாவட்டம் இது. மூன்று சமூகங்களும், எதுவும் பாதியைத் தாண்டாமல், சேர்ந்து வாழும் இடம். சீனக்குடா எண்ணெய்க் குதங்கள் முதல் சம்பூர் மின் திட்டம் வரை இந்தியாவும் கொழும்பும் கையெழுத்திடும் காரியங்களின் நிலம்.

அந்தக் கையெழுத்துகள் தேசியச் செய்தியாகிவிடும். 2022 ஜனவரியில் எண்ணெய்க் குதங்கள் எப்படிப் பங்கிடப்பட்டன, 61 குதங்கள் கூட்டு நிறுவனத்துக்கு, 24 பெற்றோலியக் கூட்டுத்தாபனத்துக்கு, 14 இந்திய நிறுவனத்துக்கு என்பதையெல்லாம் எல்லோரும் சொன்னார்கள். வேலி எந்தக் காணியைத் தாண்டிப் போகிறது, மேய்ச்சல் தரை யாருக்குப் போனது, பிரதேச செயலகத்தில் என்ன கடிதம் ஒட்டப்பட்டிருக்கிறது என்பதைச் சொல்ல ஊரிலேயே ஓர் ஆள் வேண்டும்.

கிண்ணியாவின் குறிஞ்சாக்கேணியை எடுத்துக்கொள்ளுங்கள். 2021 நவம்பர் 23 காலையில், பாலம் கட்டும் வேலை நடந்துகொண்டிருந்ததால் படகுப் பாதையில் களப்பைக் கடந்தவர்கள் கவிழ்ந்தார்கள். பள்ளிக்குப் போன பிள்ளைகள் இறந்தார்கள். அன்று எல்லாக் கெமராக்களும் கிண்ணியாவுக்கு வந்தன. வர வேண்டிய நாள் அதற்கு முந்திய வாரங்களில் இருந்தது: அந்தப் படகை ஓட்ட அனுமதி கொடுத்தது யார், எத்தனை பேரை ஏற்றலாம், உயிர்காப்பு அங்கி உண்டா, பாலம் எப்போது முடியும். இந்தக் கேள்விகளைக் கேட்கும் செய்திக்கு இரவுச் செய்தியில் 40 விநாடி கிடைப்பது கஷ்டம். ஒளிபரப்பானால்தான் காசு என்ற ஏற்பாட்டில் அதற்காக நான்கு நாள் அலைய எந்தச் செய்தியாளருக்கு முடியும்? சாவு நடந்தால் விலை, சாவைத் தடுக்கக்கூடிய செய்திக்கு விலையில்லை என்ற நிலையில் அவர்களை வைத்திருக்கிறோம். இதை எழுதும்போது எனக்குக் கோபம் வருகிறது, அதை மறைக்க விருப்பமில்லை.

அந்த இடத்தில் ஓர் ஆள் இருப்பதன் பெறுமதியை இந்த ஊர் வேறு எந்த ஊரையும்விட நன்றாக அறியும். 2006 ஜனவரி 2ஆம் திகதி திருகோணமலைக் கடற்கரையில் ஐந்து மாணவர்கள் கொல்லப்பட்டபோது, அவர்கள் குண்டு வெடித்து இறந்தார்கள் என்று சொல்லப்பட்டது. சுடர் ஒளி பத்திரிகையின் திருகோணமலைச் செய்தியாளர் சுப்பிரமணியம் சுகிர்தராஜன் எடுத்த படங்கள் துப்பாக்கிச் சூட்டுக் காயங்களைக் காட்டின. அந்த மாதம் 24ஆம் திகதி அவர் சுட்டுக் கொல்லப்பட்டார். துறைமுக அதிகார சபையில் வேலை செய்துகொண்டே செய்தி சேகரித்தவர் அவர். கொழும்பிலிருந்து வரும் ஒரு குழுவால் அந்தப் படங்களை எடுத்திருக்க முடியாது.

இப்போது அந்த வெளிநாட்டுச் சட்டங்களை அப்படியே இங்கே கொண்டுவந்தால் என்ன நடக்கும் என்று யோசியுங்கள். அவுஸ்திரேலியாவில் சட்டத்துக்குள் வர ஒரு செய்தி நிறுவனம் ஆண்டுக்கு 1,50,000 டொலர் வருமானம் காட்ட வேண்டும். கனடாவில் குறைந்தது இரண்டு செய்தியாளர்களையாவது ஒழுங்காக வேலைக்கு வைத்திருக்க வேண்டும், பணமும் முழுநேரச் செய்தியாளர்களின் எண்ணிக்கைப்படியே பிரிகிறது. செய்திக்கு இவ்வளவு என்று காசு வாங்கும் மூதூர்ச் செய்தியாளர் யாருடைய முழுநேர ஊழியரும் இல்லை. கிண்ணியாவில் இரண்டு இளைஞர்கள் நடத்தும் செய்திப் பக்கம் பதிவு செய்த நிறுவனமும் இல்லை. யூடியூப் விளம்பரப் பங்குக்கே 1,000 சந்தாதாரரும் ஒரு வருடத்தில் 4,000 மணி நேரப் பார்வையும் சேர்க்கப் பாடுபடும் பக்கம் அது. இலங்கைக்குப் பேரக் காசு வந்தாலும் அது கொழும்பில் இறங்கி கொழும்பிலேயே தங்கும்.

தவிர, எங்களால் பேரம் பேச முடியுமா என்பதே சந்தேகம். ஸ்பெயின் 2014இல் கட்டணச் சட்டம் கொண்டு வந்தபோது கூகுள் தன் செய்திச் சேவையை அங்கே மூடிவிட்டு 2022இல்தான் திரும்பி வந்தது. இரண்டு கோடிச் சொச்சம் பேர் உள்ள, 2022இல் வங்குரோத்து நிலையை அறிவித்த ஒரு நாட்டுக்காக மெட்டா எவ்வளவு நேரம் மேசையில் இருக்கும்? செய்தியைத் தடுத்துவிட்டால் கொழும்புக்காரருக்குப் பத்திரிகையும் தொலைக்காட்சியும் மிஞ்சும். புல்மோட்டையில் மீன்பிடித் தடை அறிவிப்பு, தம்பலகாமத்தில் யானை வந்த செய்தி, கந்தளாய்க் குளத்தின் வான்கதவு திறக்கும் நேரம் எல்லாம் பேஸ்புக்கில் ஓடுபவை. 2025 நவம்பர் கடைசியில் டித்வா புயலோடு மாவிலாற்றுப் பக்கம் அணைக்கட்டு உடைந்த நாட்களைப் போன்ற நேரத்தில் அந்த ஓட்டம் நின்றுபோனால் இழப்பு உயிரிலும் சேரும்.

ஆகவே என் நிலைப்பாடு இது: இலங்கை பேரத்தை விட்டுவிட்டு வரி வழியில் போக வேண்டும். வெளிநாட்டு டிஜிட்டல் சேவைகளுக்கு 18 வீத பெறுமதி சேர் வரி விதிக்க 2025இல் சட்டம் திருத்தப்பட்டது. அப்படியான வரி கடைசியில் வாங்குபவர் தலையில்தான் விழும், திறைசேரிக்கே போகும். அதற்குப் பதில் பெரிய தளங்களின் இலங்கை விளம்பர வருமானத்தில் ஒரு சிறு வீதத்தை ஊர்ச் செய்திக்கென்று தனியாக ஒதுக்கலாம். செய்தியைத் தடுத்தாலும் கட்ட வேண்டிய கட்டணமாக அது இருக்க வேண்டும்.

உடனே வரும் எதிர்ப்பு எனக்குத் தெரியும், அது நியாயமானதும்கூட. அரசாங்கம் கையில் வைத்திருக்கும் நிதி செய்தியாளரின் கழுத்தில் கட்டிய கயிறாகிவிடாதா? இணையப் பதிவுகளைக் கட்டுப்படுத்தும் 2024ஆம் ஆண்டின் நிகழ்நிலைக் காப்புச் சட்டத்தைப் பார்த்தவர்கள் இப்படிப் பயப்படுவதில் தவறில்லை. அரச விளம்பரம் கொடுத்தும் நிறுத்தியும் பத்திரிகைகளைப் பணிய வைத்த வரலாறும் இங்கே உண்டு. ஊடக அமைச்சின் கீழ் இந்த நிதி போவதானால் அது வேண்டாம் என்றுதான் நானும் சொல்வேன். ஆனால் எங்களிடம் ஒரு நல்ல முன்மாதிரி இருக்கிறது. 2016ஆம் ஆண்டின் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில், ஆணைக்குழுவுக்கான பெயர்களில் சிலவற்றைச் சட்டத்தரணிகள் சங்கமும் ஊடக அமைப்புகளும் சிவில் அமைப்புகளும் முன்மொழிய வேண்டும். அதே முறையில் ஒரு நிதிச் சபை அமைத்து, கொழும்புக்கு வெளியே வேலை செய்யும் செய்தியாளர்களுக்கு அதில் பாதி ஆசனங்கள் என்று சட்டத்திலேயே எழுதலாம்.

பணத்தை அலைவரிசைக்குக் கொடுக்காமல் இடத்துக்குக் கொடுப்பதுதான் இதில் முக்கியம். பிரித்தானியாவில் பிபிசியின் காசில் 165 உள்ளூர் ஜனநாயகச் செய்தியாளர் பதவிகள் இருக்கின்றன. அவர்கள் வேலை செய்வது உள்ளூர்ச் செய்தி நிறுவனங்களில், வேலை உள்ளூராட்சி சபைகளையும் பொது அமைப்புகளையும் கவனிப்பது, எழுதியதைத் திட்டத்தில் சேர்ந்த எல்லா ஊடகங்களும் எடுத்துக்கொள்ளலாம். கனடாவும் 2019இல் செய்தி எட்டாத ஊர்களுக்கென்று இதே போன்ற ஒரு திட்டத்தைத் தொடங்கியது.

திருகோணமலை மாவட்டத்தில் 11 பிரதேச செயலகப் பிரிவுகள். ஒவ்வொன்றுக்கும் மாதச் சம்பளத்தோடு ஒரு செய்தியாளர், பதவிசிரிபுரவிலும் கோமரன்கடவலவிலும் சிங்களத்தில் எழுதுபவர், மூதூரிலும் வெருகலிலும் தமிழில் எழுதுபவர். ஒருவர் எடுத்ததை இரு மொழியிலும் கொடுக்க நகரத்தில் ஒரு சிறு மேசை, இரண்டு படத்தொகுப்பாளர்கள். அவர்கள் எடுக்கும் காட்சியை எந்த அலைவரிசையும் எந்தப் பக்கமும் பெயர் போட்டு இலவசமாக எடுத்துக்கொள்ளலாம். 2025 மேயில் தெரிவான உள்ளூராட்சி சபைகளின் கூட்டங்களில் போய் உட்கார்ந்திருப்பது அவர்களின் முதல் வேலையாக இருக்கட்டும். ஒளிபரப்பானதா இல்லையா என்று பார்க்காமல் மாதம் முடிந்ததும் சம்பளம், மோட்டார் சைக்கிளுக்கு எரிபொருள் படி, வெள்ளத்துக்குள் இறங்குபவருக்குக் காப்புறுதி.